பெயர் கேட்கும் காற்று

வெள்ளவத்தை
4-3-1940

அன்புள்ள இரத்தினத்துக்கு,

முதலில் ஒரு வெட்கக்கேட்டை ஒத்துக்கொள்கிறேன். முந்தாநாள் என் சுருட்டுக்கடை வாசலில் வந்து நின்ற உம்மை, "ஆச்சி, என்ன சுருட்டு வேணும்?" என்று கேட்டவன் நான்தான். நீர் குடையை விரித்துக்கொண்டு றிக்‌ஷா ஏறிப் போனபிறகுதான் பக்கத்துக் கடைப் பௌஸி நானா தலையில் அடித்துக்கொண்டு சொன்னார்: "அண்ணே, அது உங்கட பொஞ்சாதி!"

என்மேல் என்ன பிழை? காலக்காற்று என்னைத் தூக்கியது 1929இல். எனக்கு அது ஒரு கண்சிமிட்டு. கண்ணைத் திறந்தால் பதினொரு வருஷம் போய்விட்டது. எனக்கு இன்னும் நாற்பத்தொன்று, உமக்கு நாற்பத்தொன்பது. இனி உம்மை 'இஞ்சாரும்' என்பதோ, 'அக்கா' என்பதோ, நீரே முடிவு சொல்லும்.

ஒன்று மட்டும் மனதை அரிக்கிறது. உமக்குத் தெரியாததல்ல. கடற்கரையில் மஞ்சள் கொடி ஏறினால் வெள்ளவத்தை முழுக்க வாயைப் பொத்திக்கொள்ளும். அந்தக் காற்றுக்குள் யாருடைய பெயரைச் சொல்கிறார்களோ அவரைத்தான் அது கொண்டுபோகும். திருப்பித் தந்தாலும் தரும், தராமலும் விடும். ரொட்டிக்கடை ஒஸ்வால்டை இன்றுவரை தரவில்லை. என்னைக் கொண்டுபோன அன்றைக்கு நான் வீட்டின் பின்பக்கம் ரயில் பாதையடியில் நின்றேன். நீரும் உமது தம்பியும் அடுப்படிப் பக்கம். யாரோ என் முழுப்பெயரையும் சொன்னார்கள். கேட்ட குரல்தான், ஆனால் ஆள் பிடிபடவில்லை. உமக்குக் கேட்டதோ?

கோபம் ஆறினால் எழுதும்.

உமது இளம் மாப்பிள்ளை,
சிவபாதசுந்தரம்


கொட்டாஞ்சேனை
7-3-1940

என்றும் என் நினைவில் உள்ள உங்களுக்கு,

நலம். ஆச்சி என்றதற்குக் கோபமில்லை, கண்ணாடியும் அதைத்தான் சொல்கிறது. நீங்கள் போன மாதிரியே நிற்கிறதைக் கண்டதும் என் நரையைக் குடைக்குள் மறைத்துக்கொண்டேன், அவ்வளவுதான்.

குரல் என்று ஒன்றுமில்லை. நீங்கள்தான் விளையாட்டாய், பகிடிக்கு உங்கள் பெயரையே காற்றுக்குச் சொன்னீர்கள். ஊருக்கெல்லாம் தெரிந்த கதை. அதைக் கிண்டாமல் விடுங்கள்.

நான் இவ்வளவு காலமும் தம்பி இரத்தினசிங்கத்தின் வீட்டில்தான். அவனுக்கு மூன்று பிள்ளைகள். ஒரு கால் இன்னும் கொஞ்சம் இழுக்கிறது. உங்களுக்கென்று முன்னறைக்கு வெள்ளையடித்துவிட்டான். வருகிற வியாழன் வாருங்கள். நண்டுக்கறி வைக்கிறேன். உறைப்புக் குறைக்கவில்லை.

உங்கள்,
இரத்தினம்


வெள்ளவத்தை
10-3-1940

அன்புள்ள இரத்தினத்துக்கு,

நண்டென்றால் நான் நடந்தே வருவேன். ஆனால் ஒரு சங்கதி. அன்றைக்கு என் வாயில் சுருட்டு இருந்தது. திரும்பி வந்து விழுந்தபோதும் அதே சுருட்டு, அதே நெருப்பு. பௌஸி நானா சாட்சி. "அல்லாவே, பதினொரு வருஷமா அணையாம ஈக்கி!" என்று கிட்டவே வரவில்லை. வாயில் சுருட்டோடு என் பெயரைச் சொல்லிப் பாரும். 'சிவபா'விலேயே சுருட்டு நிலத்தில் கிடக்கும். அப்பு வைத்த பெயர் அப்படி.

ஆகவே சொன்னது நானில்லை. பௌஸி நானா, பால்காரன், ஸ்டேசன் மாஸ்டர், எல்லாரையும் என் பெயரை ஒருதரம் சொல்லச் சொல்லிக் கேட்டேன். எனக்கு மண்டை கழன்றுவிட்டது என்று ஸ்டேசன் மாஸ்டர் நம்புகிறார். ஒருவர் குரலும் அதில்லை.

பிறகுதான் விளங்கிற்று. அது எனக்கு நன்றாய்ப் பழகின குரல். அந்தக் குரலில் என் பெயரை மட்டும் நான் ஒருநாளும் கேட்டதில்லை. தாலி கட்டின நாள் தொட்டு 'இஞ்சாருங்கோ'தான். குடிசனக் கணக்கெடுக்க வந்தவன் புருஷன் பெயர் கேட்டபோது கடைப் பலகையைக் கைகாட்டின ஆள் நீர்.

இல்லையென்று ஒரு வரி எழுதும். நம்பிவிடுகிறேன்.

சிவபாதசுந்தரம்


கொட்டாஞ்சேனை
13-3-1940

உங்களுக்கு,

இல்லையென்று எழுத மூன்று தரம் தாள் எடுத்தேன். முடியவில்லை.

ரோட்டில் யாரோ தம்பியைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டார்கள். காற்று அடுப்படி வாசலில் அவன் காலைப் பிடித்து இழுத்தது. பிடித்தவரை விடுவதென்றால் அதற்கு இன்னொரு பெயர் கொடுக்கவேண்டும். அம்மா போனபிறகு என் இடுப்பில் வளர்ந்த பிள்ளை அவன். என் பெயரைச் சொல்லத்தான் வாய் திறந்தேன். உங்கள் பெயர் வந்தது.

உங்களைக் கேட்டிருக்கலாம். கேட்டால் முதலில் ஒரு பகிடி விடுவீர்கள். அதற்கு நேரமில்லை. பிறகு ஊருக்கு ஒரு பொய் சொன்னேன். சொல்லிச் சொல்லி நானே அதை நம்பத் தொடங்கிவிட்டேன்.

சனிக்கிழமை திரும்பவும் மஞ்சள் கொடி ஏறும் என்று கேள்வி. உங்கள் காலைப் பிடித்துக் கேட்கிறேன், தம்பியின் பெயரை மட்டும் சொல்லிப்போடாதேங்கோ. பிள்ளைகள் சின்னன்.

இரத்தினம்


வெள்ளவத்தை
18-3-1940

கொட்டாஞ்சேனையில் இருப்பவருக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது.

பகிடி விட்டிருப்பேன் என்பது உண்மை. "நெருப்புப் பெட்டியைத் தாரும், போயிட்டு வாறன்" என்றிருப்பேன். அதைச் சொல்ல எவ்வளவு நேரம் பிடிக்கும்? சொல்லிப்போட்டுப் போயிருப்பேன். நானாகப் போயிருப்பேன்.

காற்று கொண்டுபோன பதினொரு வருஷத்தைப் பற்றி எனக்குக் குறையில்லை. கொடி ஏறப்போகிறது என்று எழுதினீர்கள். தம்பி கவனம் என்று எழுதினீர்கள். நீங்களும் கவனமாய் இருங்கோ என்று எனக்கு ஒரு சொல் இருக்கும் என்று நாலு தரம் தேடினேன். நான் இரண்டாம் வகுப்போடு நின்றவன், எழுத்துக்கூட்டி வாசிக்கிறவன். தவறவிட்டேனோ என்று பௌஸி நானாவிடமும் கொடுத்து வாசிப்பித்தேன். அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, தாளின் பின்பக்கத்தையும் திருப்பிப் பார்த்தார். "இல்ல அண்ணே" என்றார்.

நான் வரமாட்டேன். முன்னறையைப் பிள்ளைகளுக்குக் கொடுங்கள். இனிக் காற்றடித்தாலும் அடிக்காவிட்டாலும் உங்கள் பெயர் என் வாயில் வராது.

சனிக்கிழமை காற்று வந்தது. நான் அதே ரயில் பாதையடியில் நின்றேன். உங்கள் தம்பியின் பெயர் நாக்கு நுனிவரைக்கும் வந்துவிட்டது. வாயை அடைக்க வேறொன்றும் இல்லாமல் கையிலிருந்த சுருட்டை எடுத்து வைத்தேன். அவசரத்தில் நெருப்புப் பக்கம் உள்ளே போய்விட்டது. காற்று ஒருவரையும் கொண்டுபோகவில்லை. எனக்கு நாக்கு வெந்துவிட்டது. மூன்று நாளாய்க் கஞ்சி. உப்புப் போடவில்லை.

சிவபாதசுந்தரம்