செருப்பைக் கையில் பிடித்து வந்தவர்

தோழர்,

போன வாரம் கடை ஷட்டரைத் தூக்கும்போதே கூரியர்காரர் ஒரு பொட்டலத்தைக் கொடுத்துவிட்டுப் போனார். பிரித்தால் உங்கள் வாழ்க்கைக் கதையின் புதிய பதிப்பு, பசை வாசனைகூடப் போகவில்லை. அட்டையில் உங்கள் இளவயதுப் படம், தோளில் துப்பாக்கி. பெரம்பலூர் பழைய பஸ் ஸ்டாண்டு பக்கத்து டி.டி.பி. கடையில் உட்கார்ந்து, நீங்கள் சொல்லச் சொல்ல அந்தப் புத்தகம் முழுவதையும் அடித்தவள் நான். கை தானாக முந்திரித் தோப்பு அத்தியாயத்தைத் தேடியது. இல்லை. முன்னும் பின்னும் புரட்டிப் பார்த்தேன், எங்குமே இல்லை.

உங்களுக்கு உட்கார்ந்து சொல்ல வராது. ஜெராக்ஸ் மெஷினுக்கும் கதவுக்கும் நடுவே நடந்துகொண்டே இருப்பீர்கள். "உக்காருங்க தோழர், எனக்குக் கண்ணக் கட்டுது" என்பேன். "ஜெயில்ல புடிச்ச வியாதிம்மா, போவாது" என்று சிரிப்பீர்கள். தலைமறைவாக இருந்த வருடங்கள், ஜெயில், வெளியே வந்து தேர்தலில் நின்றது, ஒன்றியத் தலைவரானது எல்லாவற்றையும் நடந்தபடியே சொன்னீர்கள். முந்திரித் தோப்பு வந்த அன்றைக்கு மட்டும்தான் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தீர்கள்.

உடையார்பாளையத்துக்குத் தெற்கே, முந்திரித் தோப்புக்குள் உங்கள் குழு பதுங்கியிருந்தது. சோறும் சேதியும் கொண்டுவருகிற ஆள் செருப்பைக் கழற்றி இடது கையில் பிடித்து வரவேண்டும். அதுதான் அடையாளம். கேட்கிற வார்த்தைக்குப் பதில் வார்த்தையும் சொல்லவேண்டும். ஒருநாள் சாயங்காலம் ஒருவர் செருப்பைக் கையில் பிடித்தபடி வந்தார். கேட்டதற்குப் பதில் வார்த்தை தெரியவில்லை. அடையாளத்தைப் போலீஸ் தெரிந்துகொண்டு உளவாளியை அனுப்பிவிட்டது என்று முடிவுகட்டினீர்கள். துப்பாக்கிக் கட்டையால் அவர் காலை அடித்து நொறுக்கியது நீங்கள்.

அவர் காத்தமுத்து. காணாமல் போன ஆட்டைத் தேடி வந்தவர். மேல்சாதிக்காரர்கள் குடியிருக்கிற பெரிய தெருவுக்குள் அவர் சாதிக்காரர்கள் காலில் செருப்போடு நடக்கக்கூடாது. தோப்பும் பெரிய தெருக்காரர்களுடையது, அதனால் தோப்பு எல்லையைத் தாண்டுகிறவரைக்கும் செருப்பு கையில்தான்.

"யாரும் செருப்பக் கையில புடிச்சிக்கிட்டு நடக்க மாட்டாங்கன்னு நெனச்சி வச்ச அடையாளம்மா அது" என்று சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டீர்கள். எனக்குச் சுர்ரென்று கோபம் ஏறியது. நீங்களே அந்தப் பெரிய தெருவில் பிறந்தவர். உங்கள் வீட்டு வாசலில் தினமும் அப்படித்தானே நடந்து போனார்கள்? அதைக் கேட்டேவிட்டேன். "பாத்தேன்தாம்மா. கண்ணுல படல" என்றீர்கள். யாருக்காகத் துப்பாக்கி தூக்கினீர்களோ, அவருடைய காலையே உடைத்திருக்கிறீர்கள். அன்றைக்கு அதற்குமேல் ஒரு வரியும் அடிக்க எனக்கு மனம் வரவில்லை.

மறுநாள் என்னையும் கூட்டிக்கொண்டு பஸ் ஏறினீர்கள். காத்தமுத்து வீட்டு வாசலில் நின்று, "எழுதலாமாண்ணே?" என்று கேட்டீர்கள். உங்களைவிட அவர் சின்னவர்தான், ஆனாலும் அண்ணே என்றீர்கள். அவர் வளைந்த காலை நீட்டிக்கொண்டார். அப்புறம், "எழுதுங்க. ஆனா எம்பேரு போட்டு எழுதுங்க. எங்கப்பா பேரும் போடுங்க" என்றார். இரண்டையும் போட்டோம். புத்தகம் வந்ததும் பெரிய தெருவில் உங்களைத் திட்டாத வீடு இல்லை. அந்த அத்தியாயத்தை எடுக்கச் சொல்லிக் கட்சி நெருக்கியது. மாட்டேன் என்றீர்கள், அடுத்த தேர்தலில் சீட்டு கிடைக்கவில்லை. அதற்கு நீங்கள் வருத்தப்பட்டு நான் பார்த்ததில்லை.

அப்படிக் காப்பாற்றிய அத்தியாயத்தைத்தான், நீங்கள் கண்ணை மூடியதும் உருவிவிட்டார்கள். புத்தகத்தை எடுத்துக்கொண்டு நேரே அரியலூருக்குப் போனேன். புதிய பதிப்புக்கு முன்னுரை எழுதிய நிர்வாகி கட்சி ஆபீஸில் சாவகாசமாக டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"அது சின்ன விஷயம்மா. தலைவரு பேருக்கு எதுக்கு அசிங்கம்? எலெக்‌ஷன் வேற வருது, ரெண்டு தெரு ஓட்டும் வேணும்ல" என்றார்.

"அவரு பேருக்கு எது அசிங்கம்னு அவருக்குத் தெரியாதா சார்?"

"நீங்க டைப் அடிச்சவங்க. அதோட நிப்பாட்டிக்கங்க."

துப்பாக்கியை அட்டையில் வைத்துக்கொண்டார்கள். அது உடைத்த காலைத் தூக்கி எறிந்துவிட்டார்கள். இதற்குப் பெயர் அஞ்சலியாம். நீங்கள் வாழ்ந்த வாழ்க்கையில் மிகக் கடினமான காரியம் காட்டுக்குள் ஒளிந்திருந்ததல்ல, ஜெயிலும் அல்ல. செய்ததைச் செய்தேன் என்று, அடிபட்டவர் பெயரோடு அச்சில் ஏற்றியதுதான். அதை ஒன்றுமில்லாமல் ஆக்க இவர்கள் யார்?

அங்கிருந்து காத்தமுத்து வீட்டுக்குப் போனேன். வேறு யார் வாயாலோ அவருக்குத் தெரியவேண்டாம் என்று நினைத்தேன். அவருக்கு எழுத்து தெரியாது. பழைய புத்தகத்தில் தன் பெயர் இருக்கிற பக்கத்தை மடித்து, டிரங்குப் பெட்டியில் துணிகளுக்கு மேலே வைத்திருக்கிறார். புதியதைக் கையில் வாங்கி, அட்டையைத் தடவிப் பார்த்தார்.

"எம்பேரு எங்கம்மா இருக்கு?"

"எடுத்துட்டாங்கய்யா. அந்தக் கதையே இல்ல."

புத்தகத்தை என்னிடமே திருப்பிக் கொடுத்தார். வேட்டியைச் சற்று ஒதுக்கி, முழங்காலுக்குக் கீழே வளைந்திருந்த எலும்பைக் காட்டினார்.

"அப்ப எங்காலு தானா ஒடிஞ்சிதாம்மா?"

பதில் சொல்லவேண்டியவர் நீங்கள். நீங்கள் இல்லை. அந்தக் கேள்வியை நான்தான் சுமந்துகொண்டு திரிகிறேன். ஞாயிற்றுக்கிழமை அரியலூரில் உங்கள் படத்தைத் திறக்கிறார்கள். அந்த அத்தியாயத்தைத் தனியாக அடித்து, காத்தமுத்து பெயரும் அவர் அப்பா பெயரும் தெரிய, கட்டுக்கட்டாகப் பின் போட்டு வைத்திருக்கிறேன். வாசலில் நிற்கப் போகிறேன். உங்களுக்கு மாலை போட வருகிற ஒருவரையும் அதைக் கையில் வாங்காமல் உள்ளே போக விடமாட்டேன்.