குசினிக்குள் ஒளித்த கோட்டு

2025 மே 4, ஞாயிறு

நேற்று, யாழ்ப்பாணத்தை விட்டு வந்து நாங்கள் குடியேறிய டண்டினொங்கில், மண்டபமொன்றில் எங்கள் முதியோர் சங்கத்துக்குப் படம் போட்டேன். வந்தது ஆறு பேர். அதிலும் இருவர் நித்திரை. தலைவர் ஈஸ்வரமூர்த்தி அங்கிள் வெறுங்கதிரைகளைக் காட்டிச் சொன்னார்: "பிள்ளை, இன்னும் ஒருக்காப் போட்டுப் பார். சனம் வராட்டி நிப்பாட்டுவம். சும்மா கதிரை அடுக்கி நாரி முறியுது, இடுப்பு நிமிருதில்லை."

நிற்பாட்டுவதா? கிழமை முழுக்க வீட்டுக்குள் கிடப்பவர்கள் கூடியிருந்து சிரிக்க வேறு என்ன இருக்கிறது? என்ரை மனுசன் காலமான பிறகு எனக்கும் அந்தச் சனிக்கிழமைதானே.

மே 7

அழுகைப் படம் போட்டதுதான் பிழை. இந்தமுறை சிரிக்க வைக்கிற பழைய இத்தாலியப் பகிடிப் படம், கறுப்பு வெள்ளை. ஒரே மாடிக் கட்டடத்தில் மூன்று மாப்பிள்ளைகள், ஒரே நாளில் கலியாணம், மூவருக்கும் போட ஒரே ஒரு கோட்டு.

"சீரியஸ்லி, அம்மா? இற்றாலியனா?" என்றாள் மகள் தாரிணி.

ஓம், இற்றாலியன்தான்.

மே 17, சனி

இன்னும் நித்திரை வரவில்லை. சந்தோஷத்தில்.

வீடு வீடாகப் போன் எடுத்ததில் பாதி மண்டபம் நிறைந்திருந்தது. படம் தொடங்கியது — கீழே ஆங்கில எழுத்தைக் காணோம்! வீட்டில் போட்டுப் பார்க்காத மடைச்சி நான். ரிமோட்டை என்ன அமத்தியும் வரேல்லை. ஐயோ, முடிஞ்சுது, எல்லாம் முடிஞ்சுது. அங்கிள் லைற்றைப் போட எழும்பிவிட்டார்.

அந்த நேரம் பார்த்துத் திரையில் மாமியார்க்காரி கத்தினாள்: "குச்சீனா! குச்சீனா!"

"குசினியாம்!" என்று, எங்கள் ஊர்ச் சமையலறைப் பெயரைக் கேட்டதும் முன்வரிசையில் துள்ளினார் சத்தியபாமா அன்ரி. "கோட்டு குசினிக்கையாம்! மூர்த்தியண்ணை, இருங்கோ, மறைக்காதேங்கோ!"

சொன்னபடியே கோட்டு குசினிக்குள், மா மூட்டைக்கு அடியில். பிறகு ஒருத்தன் ரொட்டித் துண்டைத் தூக்கிப் பிடித்து "பானே" என்றான். "பாண்!" என்றது மண்டபமே. அதற்குப் பிறகு எழுத்து யாருக்கு வேண்டும்? விளங்காத இடமெல்லாம் வாய்க்கு வந்த கதை. பெண்ணின் தகப்பன் வாய் திறந்தாலே "சீதனம் குடுக்க மாட்டாராம்" என்று அன்ரி அடித்துச் சொன்னார். இத்தாலியனுக்குச் சொந்தக்காரப் பாஷை பேசிய போர்த்துக்கேயர் யாழ்ப்பாணத்தில் விட்டுப்போன இரண்டு சொல் டண்டினொங்கில் என் மானத்தைக் காப்பாற்றிவிட்டது.

அங்கிள் சிரித்துச் சிரித்துப் பல்செட்டைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார். வென்றுவிட்டேன்!

மே 31, சனி

இன்று இன்னொரு இத்தாலியப் படம். எழுத்து ஒழுங்காக வந்தது.

"உந்த எழுத்தை நிப்பாட்டு பிள்ளை, எங்களைக் கதை சொல்ல விடுதில்லை" என்றார் அங்கிள். நிற்பாட்டினேன்.

பிந்தி வந்தவர்களுக்கு இருக்க இடமில்லை. பக்கத்து அறையிலிருந்து கதிரை தூக்கி வந்தவர் அவரேதான். நாரியைப் பற்றி மூச்சே விடவில்லை.