மேட்னியில் அழுதவளுக்கு

இன்று மார்க்கெட் ஓரத்தில் வண்டிக்காரர் ஒருவர் மல்லாட்டை வறுத்துக்கொண்டிருந்தார். அந்த வாசனையோடு நீ வந்துவிட்டாய், சினிமாக் கொட்டகை பெஞ்சில், மடியில் வேர்க்கடலைப் பொட்டலத்தைப் பிரிக்காமலே வைத்துக்கொண்டு.

அது எழுபத்தெட்டு, எழுபத்தொன்பதாம் வருஷம் இருக்கும். உன் ஏழு வயது மகன் சேகர் மூளைக்காய்ச்சலில் போய் ஒரு மாதம்கூட ஆகவில்லை. நீ ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை என்று தெருவே பேசியது. துக்கம் கேட்க வந்தவர்கள் உன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒருநாள் பக்கத்து வீட்டிலிருந்த என்னிடம் வந்து, "மேட்னி போலாமா?" என்றாய்.

"இன்னாடி, ஊரு இன்னா பேசும்?"

"பேசிகினு போவட்டும். நீ வரியா, இல்லியா?"

சிரிப்புப் படம் அது. ஒற்றைச் செருப்பைக் காணோம் என்று ஒருவன் வீடெல்லாம் தேடுவான். அது அவன் காலிலேயே இருக்கும். கொட்டகையே சிரித்தது. நானும் சிரித்தபடி உன் பக்கம் திரும்பினேன். முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு நீ குலுங்கினாய். சிரிக்கிறாய் என்றுதான் நினைத்தேன்.

அந்த வாரம் மூன்று முறை போனோம். மூன்று முறையும் அதே இடத்தில் அழுதாய். அதே படத்தில் ஒரு தாய் சாகிற காட்சியும் உண்டு. அங்கே பெண்களெல்லாம் மூக்கைச் சிந்த, நீ மட்டும் அசையாமல் உட்கார்ந்திருந்தாய். எனக்குப் புரியவே இல்லை. வழியில் கேட்டேவிட்டேன்.

"சேகரும் இஸ்கூலுக்குப் போறப்ப தினம் இப்டிதான் செருப்பத் தேடிகினு இருப்பான்," என்றாய். கொஞ்ச தூரம் நடந்த பிறகு, "எல்லாரும் சிரிக்கிறப்ப அழுதா யாருக்கும் கேக்காதுடி," என்றாய்.

நாலாவது முறை உன் வீட்டுக்காரரோடு போனாய். மறுநாள் தறியை நிறுத்திவிட்டு வந்து சொன்னாய்: "அந்த எடத்துல அவரு சிரிச்சாரு. எனக்குப் பத்திகினு வந்துச்சு. அப்பறம் பாத்தா, என் கையப் புடிச்சவரு உடவே இல்ல."

அதற்குப் பிறகுதான் நீங்கள் இருவரும் சேகர் பெயரைச் சொல்லிப் பேசுவது சுவர் தாண்டி எனக்குக் கேட்டது. ஒரே காட்சி உன்னை அழவும் அவரைச் சிரிக்கவும் வைத்தது எப்படி? இன்னமும் யோசிக்கிறேன். படம் எடுத்தவருக்குச் சேகரைத் தெரியவே தெரியாது.

சில வருஷத்தில் நீயும் காமாலையில் போனாய். அன்று எனக்கு அழுகை வரவில்லை. பத்து நாள் கழித்து, வேலூர் பஸ்ஸில் டிரைவர் ஒரு டப்பாங்குத்துப் பாட்டைப் போட்டார். பின்சீட்டுக்காரர்கள் தாளம் தட்டிக் கத்தினார்கள். நான் கண்ணமங்கலம் வரைக்கும் அழுதேன்.

"இன்னாம்மா ஆச்சு?" என்றாள் பக்கத்தில் இருந்தவள்.

"ஒண்ணுமில்லீங்க. பாட்டு நல்லா இருக்குது."

இப்போதெல்லாம் துக்க வீட்டில் நான் யார் முகத்தையும் உற்றுப் பார்ப்பதில்லை. போனவருக்கு எந்தப் படம் பிடிக்கும் என்று கேட்கிறேன். சிலர் முறைக்கிறார்கள். சிலர் சொல்ல ஆரம்பித்துவிடுகிறார்கள்.