எந்தப் பக்கமிருந்து பிரிப்பார்

14 அக்டோபர் 1984, ஞாயிறு. பாலாநகர்.

ஜப்பானியர் பாணியில், வலமிருந்து இடமாக, வசனமே இல்லாமல் நான் வரைந்து சைக்ளோஸ்டைல் எடுத்த படக்கதையை இன்று காலனி விற்பனையில் இரண்டு பேர் வாங்கினார்கள்.

எதிர்வீட்டு மாமி இடப்பக்கமிருந்தே புரட்டினார். "அம்மாக்காரி கொழந்தைகிட்ட திரும்பி வந்துடறா. நன்னாருக்குடி!" திருத்த மனம் வரவில்லை.

பர்வீன் ஆப்பா உருது படித்தவர். சொல்லாமலே வலமிருந்து படித்தார். என் கையைப் பிடித்துக்கொண்டார். "குழந்தையை விட்டுட்டு இவ கைக்கு போறா, எதுக்கு போறா? நக்கோ அம்மா, நக்கோ, வேணாம்."

"பால் வாங்கத்தான் ஆப்பா" என்று சிரித்துச் சமாளித்தேன்.

பால் வாங்கப் போகிறவள் கையில் எதற்குப் பெட்டி வரைந்தேன்? யோசித்து யோசித்துப் பார்க்கிறேன், பிடிபடவில்லை.

நாளைக் காலையில் காட்டச் சொல்லியிருக்கிறார் இவர். எந்தப் பக்கமிருந்து பிரிப்பார்? வலப்பக்கம் என்று நான் சொல்ல வேண்டுமா? சொல்லாமல்—

பாப்பா சிணுங்குகிறாள்.