அப்பா அழுத காட்சி

மார்ச் 4
எடிட்டிங் அறையில் இன்றும் டைரக்டரின் புலம்பல். எடுப்பது கேமராக்களின் கண்காணிப்பில் வாழ்கிற மனிதர்களைப் பற்றிய படம். ஆனால் ஒரு நடிகருக்கும் தனியாக இருக்கத் தெரியவில்லையாம். "யாரும் பாக்கலைன்னு நெனச்சு உட்கார்ந்திருக்கிற ஒரு மனுஷன் வேணும். நிஜமா." நிஜத்துக்கு நான் எங்கே போவேன்?

மார்ச் 6
என் போனிலேயே இருக்கிறது. அம்மா போன பிறகு அப்பா தனியாக இருக்கிறாரே என்று அவர் வீட்டுக் கூடத்தில் நான் மாட்டிய கேமரா. சத்தம் பதிவாகாது. போன மாதம் ஒரு மாலை, முதுகைக் காட்டி உட்கார்ந்து, தோள் குலுங்கக் குலுங்க — அன்று நானும் அழுதேன். டைரக்டருக்குக் காட்டினேன். மறுபடி மறுபடி போடச் சொன்னார்.

கேமராவில் பதிவானதைப் படத்தில் வைக்கலாமா என்று அப்பாவிடம் கேட்டதற்கு, வைத்துக்கொள்ளேன் என்றார். எந்தக் காட்சி என்று நான் சொல்லவில்லை.

மார்ச் 11
டப்பிங் கலைஞர் வந்து விம்மிவிட்டுப் போனார். நடுவில் டீ குடித்தார். அப்பாவின் தோளோடு விம்மல் அப்படியே பொருந்தியது. எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது, வெட்கங்கெட்டவள்.

ஏப்ரல் 2
படத்தைப் போட்டுக் காட்டும் நாள். அப்பாவை அழைத்துப் போனேன். திரையில் அவர் தோள் குலுங்கியபோது அரங்கம் முழுக்க மூக்கை உறிஞ்சியது. திரும்பும்போது காரில் அப்பா மெதுவாகச் சொன்னார், "அன்னிக்கு ரேடியோவுல ஏதோ ஜோக்கும்மா. வயிறு வலிக்கச் சிரிச்சேன். உங்கம்மா போனப்புறம் அன்னிக்குத்தான்."



ஏப்ரல் 3
காட்சியை எடுத்துவிடச் சொன்னேன். பார்க்கிறவர்கள் நிஜமாகத்தானே அழுகிறார்கள், அப்புறம் எது பொய் என்கிறார் டைரக்டர். மனுஷனா இவன்?

ஏப்ரல் 9
அப்பா இப்போது தேய்த்த சட்டை போட்டுக்கொண்டு கேமராவைப் பார்த்தே உட்கார்கிறார். சிரிக்கிறார். கையாட்டுகிறார். சாப்பிட்ட தட்டைத் தூக்கிக் காட்டுகிறார். நன்றாகத்தான் இருக்கிறாரா? எனக்கு எப்படித் தெரியும்?

ஏப்ரல் 15
இன்று இடது கையால் ஆட்டினார்.

ஏப்ரல் 17
மாடிவீட்டுக்காரர் போன் செய்தார். அப்பா குளியலறையில் வழுக்கி விழுந்து சில நாளாகிறதாம். வலது மணிக்கட்டு வீங்கியிருக்கிறதாம். பொண்ணுகிட்ட சொல்லாதீங்க என்று கெஞ்சினாராம். அடித்துப்பிடித்து ஓடினேன். எலும்பு முறிவு. இந்தக் கையை வைத்துக்கொண்டா தினமும் சிரித்தார்?

கட்டுப் போட்டுக் கூட்டிவந்ததும் ஸ்டூலில் ஏறிக் கேமராவைக் கழற்றினேன். அப்பா நல்ல கையால் ஸ்டூலைப் பிடித்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தார். முகம் வாடிவிட்டது.

"ஏம்மா கழட்டுற? நான் நல்லாத்தானே பண்ணேன்?"