பெயர் தெரியாத நபரின் விடுதலை

அனுப்புநர்
சி. செல்லக்கனி (வயது 38),
கணவர் (காலமானவர்) சிவனணைந்தான்,
வாய்க்கால் தெரு, கீழச்செம்பாடு கிராமம்.

பெறுநர்
மாவட்ட ஆட்சியர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம்.

பொருள்: என் கணவர் கொலை வழக்கில் எதிரி விடுதலையானது – உயர்நீதிமன்றத்தில் அரசு மேல்முறையீடு செய்யப் பரிந்துரைக்கக் கோருவது – கெடு முடியப் பத்தொன்பது நாளே இருப்பது – தொடர்பாக.

மதிப்புக்குரிய ஆட்சியர் அம்மா அவர்களுக்கு,

1. நான் பீடி சுற்றிப் பிழைப்பவள். 06.07.2018 அன்று எங்கள் வாழைக்குத் தண்ணீர் முறை. காலை ஏழு மணிக்கு மடையடியில் வைத்து என் கணவரை மண்வெட்டியால் வெட்டியவனை, கஞ்சித் தூக்குச்சட்டியோடு பத்தடி தூரத்தில் நின்று பார்த்தேன். அவன் வீடு என் வீட்டிலிருந்து மூன்றாவது. வாக்கப்பட்டு வந்த நாளிலிருந்து தெரிந்தவன்.

2. அமர்வு நீதிமன்றம் 11.08.2022 அன்று சந்தேகத்தின் பலனை அளித்து அவனை விடுதலை செய்தது. என் முதல் புகாரில் "பெயர் தெரியாத நபர்" என்று இருக்கிறதாம். ஆகவே பிறகு யாரோ சொல்லிக்கொடுத்துத்தான் அவனைக் காட்டினேனாம். நீதிபதி ஐயாவை நான் குறை சொல்லவில்லை. அவர் முன்னால் இருந்த தாளில் அப்படித்தான் எழுதியிருந்தது.

3. அந்தத் தாள் எழுதப்பட்ட விதத்தை இதுவரை யாரும் என்னிடம் கேட்டதில்லை. அவன் பெயர் பலவேசம். என் மாமனார் பெயரும் பலவேசம். எங்கள் சாமி பெயர் அது, ஊரில் பாதிப் பேருக்கு அதுதான். மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லும் வழக்கம் எங்கள் பக்கம் கிடையாது. ரேஷன் கடையில்கூட அட்டையைத்தான் நீட்டுவேன். காவல் நிலையத்தில் எழுத்தர், "வெட்டுனவன் பேரு என்னம்மா?" என்றார். "பெரியதாயி மவன்யா, மோட்டார் ரூம் வீடு" என்றேன். "பேரச் சொல்லும்மா." "அத நான் எப்படிய்யா சொல்லுவேன்?" அவர் தலையில் அடித்துக்கொண்டு எதையோ எழுதி நீட்டினார். பத்தாவது வரை படித்தவள் நான். படிக்காமல் கையெழுத்துப் போட்டேன். என் கணவர் அப்போது ஆஸ்பத்திரி வராந்தாவில் பாயில் சுற்றிக் கிடந்தார். தவறு என்னுடையதும்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் எழுதுவதில் எங்களுக்குத் தடையில்லை. என்னிடமே பேனாவைக் கொடுத்திருந்தால் எழுதிக் கொடுத்திருப்பேன்.

4. நீதிமன்றத்தில் அவனைக் கைநீட்டிக் காட்டினேன். "பேரு தெரியுமா, தெரியாதா?" என்று எதிரியின் வக்கீல் அதட்டினார். எதிர் பெஞ்சில் மாமனார் உட்கார்ந்திருந்தார். அவர் எதிரில் அந்தப் பெயரைச் சொல்ல வாய் வரவில்லை. சாட்சி மௌனம் சாதித்தார் என்று பதிந்துகொண்டார்கள். அரசு வக்கீலும் ஏன் என்று கேட்கவில்லை.

5. மேல்முறையீடு பற்றி அதே அரசு வக்கீலைப் போய்ப் பார்த்தேன். "ரெண்டு விதமாப் பாக்க எடம் இருந்தா எதிரிக்குச் சாதகமானதத்தான் எடுக்கணும்மா. விடுதலையில மேல்கோர்ட் லேசுல கை வைக்காது" என்று அனுப்பிவிட்டார். என் கேள்வி ஒன்றுதான். எட்டு நாற்பதுக்கு என் புகார் பதிவானது. ஒன்பதேகாலுக்குக் காவலர் இருவர் பெரியதாயி வீட்டுக்குப் புறப்பட்டதாக நிலையக் குறிப்பேட்டில் இருக்கிறது. வேறு சாட்சி அப்போது யாரும் கிடையாது. பெயர் தெரியாத நபரின் வீட்டுக்கு அவர்கள் எப்படிப் போனார்கள்? அந்தக் குறிப்பேடு நீதிமன்றத்தில் தாக்கலான ஆவணம். தீர்ப்பில் அதைப் பற்றி ஒரு வரி இல்லை. விட்டுப்போன ஆவணத்தை எடுத்துப் பார்க்கத்தானே மேல்கோர்ட் இருக்கிறது?

6. எனக்குப் பயமாக இருக்கிறது, அம்மா. அவன் ஊருக்கு வந்த அன்று வெடி போட்டார்கள். இப்போது என் வாசலுக்கு நேரே வாய்க்கால் பாலத்தில் வந்து உட்கார்கிறான். சண்டை போடுவதில்லை, கெட்ட வார்த்தை பேசுவதில்லை. பீடிக்கட்டைக் கொடுக்கப் போனபோது சிரித்துக்கொண்டே, "மைனி, எம் பேரு ஒங்க வாயில வரவே மாட்டேங்காமே. எங்க, இப்பச் சொல்லுங்க பாப்போம்" என்றான். இன்னொரு நாள், "மவ எந்த பஸ்ஸுல வாரா?" என்று கேட்டான். மறுநாளிலிருந்து ஒன்பதாவது படிக்கும் மகளைப் பள்ளிக்கு அனுப்பவில்லை. உச்சி வெயிலிலும் கதவைத் தாழிட்டுத்தான் இருக்கிறோம். தெருவில் செருப்புச் சத்தம் கேட்டால் பீடி இலையைப் போட்டுவிட்டுத் தாழ்ப்பாளை இன்னொரு தரம் பார்க்கிறேன்.

7. தீர்ப்பாகி இன்றோடு எழுபத்தொரு நாள். தொண்ணூறு நாளுக்குள் அரசு மேல்முறையீடு செய்ய வேண்டும் என்கிறார்கள். தாங்கள் இவ்வழக்கின் ஆவணங்களை வரவழைத்துப் பார்த்து, அரசுக்குப் பரிந்துரைக்கும்படி மன்றாடிக் கேட்கிறேன்.

8. இன்னொன்று. தங்களிடம் கொடுக்கும் மனுக்களை விசாரணைக்கு என்று எங்கள் நிலையத்துக்கே அனுப்புவது வழக்கம். அவர்கள் இரண்டு தரப்பையும் கூப்பிட்டு ஒரே பெஞ்சில் உட்கார வைப்பார்கள். இந்த மனுவை அப்படி அனுப்ப வேண்டாம். மேல்முறையீட்டுக்கு இடமில்லை என்று தாங்கள் முடிவெடுத்தால், அவனுக்குத் தெரிவதற்கு ஒரு நாள் முன்பாவது எனக்குத் தெரிவியுங்கள். மகளைக் கூட்டிக்கொண்டு ஊரை விட்டுப் போக அந்த ஒரு நாள் வேண்டும்.

இடம்: கீழச்செம்பாடு
நாள்: 21.10.2022

இப்படிக்கு,
தங்கள் உத்தரவுக்குக் காத்திருக்கும்
(ஒப்பம்) சி. செல்லக்கனி