திரும்பி வராத பெட்டி

1942, எட்டாம் மாதம், பத்தாம் நாள்

தம்பி ஜாவ்ஃபுவுக்கு,

ஜப்பான்காரர்கள் நம் பள்ளத்தாக்கை விட்டுப் போய்விட்டார்கள். இனிக் கடிதம் எழுதலாம். என் சவப்பெட்டி எங்கே?

மலையில் விழுந்த அமெரிக்க விமானியைப் பிணம்போல் படகுத்துறை தாண்டிக் கொண்டுபோக அதைக் கொடுத்தேன். மூன்று நாளில் தருகிறேன் என்றாய். ஐந்து மாதமாகிறது. நானே தேர்ந்தெடுத்த மரம். வருடந்தோறும் நானே பூசிய அரக்கு. யாரிடமும் படிக்காமல் நானே கற்ற எழுத்தில் தலைப்பலகையில் என் பெயரைச் செதுக்கியிருந்தேன். அவன் மூச்சு விட அடியில் மூன்று துளை வேறு போட்டாய். "அண்ணே, கால மடக்கினா கழுத்து நிக்குது, இந்த நெட்டையன ரெண்டா மடிச்சாத்தான் உண்டு" என்று நீ சிரித்ததையும் மறக்கவில்லை.

எனக்கு எழுபத்திரண்டு. இந்த ஊரில் ஒவ்வொரு கிழவன் வீட்டிலும் அவனவன் பெட்டி தயாராக இருக்கிறது. என் வீட்டில் அந்த இடத்தில் கோழி அடைகிறது.

பிங்குன்

---

எட்டாம் மாதம், பத்தொன்பதாம் நாள்

பிங்குன் அண்ணனுக்கு வணக்கம்.

விமானி பிழைத்தான்.

துறையில் இரண்டு ஜப்பான் சிப்பாய்கள் நின்றார்கள். ஆறு தாண்டும்போது இறந்தவரிடம் சொல்லிவிட்டுத்தானே தூக்குவோம்? என் மகன் ஷுய்ஷெங் பழக்கத்தில் பெட்டியைத் தட்டி, "தாத்தா, ஆத்தத் தாண்டுறோம், பயப்படாதீங்க" என்றான். தன்னைத்தான் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்து, உள்ளே இருந்தவன் திருப்பித் தட்டினான்.

சிப்பாய்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஷுய்ஷெங் ஒருவனைச் சுமைக்கோலால் அடித்துவிட்டு மூங்கில் காட்டுக்குள் ஓடினான். இருவரும் அவனைத் துரத்தினார்கள். நாங்கள் பெட்டியைப் படகில் ஏற்றினோம். நடு ஆற்றுக்குப் போனபோது கரையில் துப்பாக்கிச் சத்தம் கேட்டது.

விமானியை மலையில் மறைந்து சண்டை போடும் நம் ஆட்களிடம் ஒப்படைத்துவிட்டு வந்து, அதே பெட்டியில் என் மகனை வைத்தேன். நம் வழக்கப்படி அடக்கத்துக்கு நல்ல நாள் அமையாததால் இன்னும் மண்ணில் இறக்கவில்லை. மேட்டில் கூரை போட்டு வைத்திருக்கிறேன். நீங்கள் சொன்னால் அவனைப் பாயில் சுற்றிப் புதைத்துவிட்டுப் பெட்டியை அனுப்புகிறேன். வாக்குக் கொடுத்தவன் நான்.

ஜாவ்ஃபு

---

எட்டாம் மாதம், இருபத்தேழாம் நாள்

தம்பி,

அனுப்பாதே. இத்தனை நாள் எனக்குச் சொல்லாமல் இருந்ததற்கு நேரில் வந்து உன்னோடு சண்டை போடுவேன்.

துளைகளை எதை வைத்து அடைத்தாய்? மெழுகு என்றால் நிற்காது, எறும்பு புகும். சுண்ணாம்பும் மரநெய்யும் எடுத்து வருகிறேன், குழைத்து அடைக்கலாம்.

தலைப்பலகையில் இருப்பது என் பெயர். அதை இழைத்துவிட்டு அவன் பெயரை நான்தான் செதுக்குவேன். வேறு எவன் உளியும் அதில் படக் கூடாது. நான் வரும்வரை நாள் குறிக்காதே.

கோழிகள் இங்கே அந்த இடத்திலேயே அடையட்டும்.

பிங்குன்